ஏழு ரூபாய் தொண்ணூறு காசு கம்ப்யூட்டர்!

நான் பி.காம். பட்டதாரி. எந்தப் பொருளைப் பார்த்தாலும் எனக்கு அதன் அழகு கண்ணில் படாது. தேய்மானம்தான் படும். கல்யாணமான புதிதில் சகதர்மிணி புதுச் சேலை கட்டிக்கொண்டு வந்து, "எப்படி இருக்கு?" என்று ஆசையாகக் கேட்க, "எத்தனை வருஷம் வரும்?" என்று கேட்டுவிட்டு இரண்டு நாள் ஓட்டலில் சாப்பிட்டவன் நான்.

2025 நவம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. எங்கள் வீட்டுக் கம்ப்யூட்டருக்குக் கணக்குப் போட்டேன். 2009-ல் வாங்கியது. விலை 28,000 ரூபாய். வருமான வரிக் கணக்கில் கம்ப்யூட்டருக்கு வருஷம் 40 சதவீதம் தேய்மானம் போடுவார்கள். அந்தக் கணக்கில் 16 வருஷம் கழித்துவிட்டுப் பார்த்தால், மிச்சம் நிற்பது 7 ரூபாய் 90 காசு! எங்கள் குரோம்பேட்டை ஸ்டேஷன் வாசலில் அந்தக் காசுக்கு ஒரு டீ கூட வராது.

அப்பாவிடம் சொன்னேன். அவர் கூட்டுறவுத் துறையில் ஹெட் கிளார்க்காக இருந்து ரிட்டயர் ஆனவர். ஃபைலை மூடாமல் வீட்டுக்குக் கிளம்பாத ஜாதி.

"நல்லா ஓடிக்கிட்டிருக்கிற மெஷின்டா" என்றார்.

ஓடத்தான் செய்தது. காலையில் அப்பா அதன் பட்டனைத் தட்டிவிட்டு, காபி குடித்து, பேப்பரில் மூன்றாம் பக்கம் வரைக்கும் படித்து, 'எங்கே கண்ணாடி?' என்று தேடிக் கண்டுபிடித்து வந்து உட்காரும்போது திரையில் ஏதாவது தெரியும். இன்னொரு விசேஷம்... அதில் தினமும் தேதி 2009, ஜனவரி 1! ஊருக்கெல்லாம் வயசாகிறது, எங்கள் வீட்டு மூலையில் மட்டும் காலம் நின்றுவிட்டது. "அதனால என்ன? சுவத்துல காலண்டர் இருக்கே" என்பது அப்பாவின் கட்சி.

நானும் சிரித்துவிட்டுப் போயிருப்பேன். அன்றைக்கு அவர் பின்னால் நின்று பார்த்ததுதான் வினையாகிவிட்டது.

ஏதோ ஒரு பில் கட்டுவதற்காக உட்கார்ந்திருந்தார். திரை முழுக்க ஓர் எச்சரிக்கை. 'இந்தத் தளத்தின் பாதுகாப்புச் சான்றிதழ் சரியில்லை, போகாதே' என்கிற ரீதியில். அப்பா அலட்டிக்கொள்ளவே இல்லை. கீழே பொடி எழுத்தில் இருந்த 'பரவாயில்லை, போகிறேன்' என்பதைத் தட்டினார்.

"அப்பா! என்ன பண்றீங்க?"

"தினமும் இப்படித்தாண்டா வரும். நான் பாட்டுக்குப் போயிட்டே இருப்பேன். சிலது மட்டும் உள்ளே விடாது. அப்ப நேர்ல போய்க் கட்டிருவேன்."

எனக்கு வயிற்றைக் கலக்கியது. அவருடைய பென்ஷன், ரிட்டயர் ஆனபோது வந்த பணம் எல்லாவற்றுக்கும் சாவி அந்தக் கீபோர்டில்தான் இருக்கிறது. திருடன் நாளைக்கு நிஜமாகவே ஒரு போலித் தளத்தை விரித்து வைத்தாலும் இதே எச்சரிக்கைதான் வரும். அப்பாவும் இதே மாதிரி 'நான் பாட்டுக்கு' உள்ளே போவார்.

எது பழசு?

சிஸ்டம் அட்மினாக இருக்கிற நண்பனுக்கு போன் போட்டேன். விஷயத்தைக் கேட்டுவிட்டு அவன் சொன்ன முதல் வார்த்தை: "மச்சி, நாப்பது ரூபாய் வச்சிருக்கியா?"

மதர்போர்டில் ஒரு ரூபாய் நாணயம் அளவுக்கு வட்டமாக ஒரு பேட்டரி இருக்கும். சிஆர்2032 என்று பெயர். கரண்ட் இல்லாதபோதும் கடிகாரத்தை ஓட வைப்பது அதுதான். அது செத்துவிட்டால், ஒவ்வொரு தடவை பிளக்கைப் பிடுங்கி மாட்டும்போதும் கம்ப்யூட்டர் தான் பிறந்த வருஷத்துக்குப் போய்விடும். வெப்சைட்டுகளின் பாதுகாப்புச் சான்றிதழுக்கு 'இன்ன தேதி முதல் இன்ன தேதி வரை' என்று கெடு உண்டு. 2025-ல் கொடுத்த சான்றிதழை 2009-ல் உட்கார்ந்து பார்த்தால்? 'இது இன்னும் பிறக்கவே இல்லையே' என்று ப்ரௌசர் அலறுகிறது. அலறல் பொய் என்று அப்பா பழகிவிட்டார். 'புலி வருது' கதைதான்.

பேட்டரி மாற்றுவது ஐந்து நிமிஷ வேலை. "ஆனா அதோட முடியாது" என்றான் நண்பன். "உள்ளே என்ன ஓடுது?"

"விண்டோஸ் 7."

மறுமுனையில் துக்கம் விசாரிக்கிற மாதிரி ஒரு மௌனம்.

விஷயம் இதுதான். மெஷின் பழசாக இருப்பது குற்றமில்லை. உள்ளே ஓடுகிற ஆபரேட்டிங் சிஸ்டம் பழசாக இருப்பதுதான் ஆபத்து. எந்த சாஃப்ட்வேரிலும் ஓட்டைகள் உண்டு. கண்டுபிடிக்கக் கண்டுபிடிக்க, செய்தவர்கள் அப்டேட் என்ற பெயரில் அடைத்துக்கொண்டே வருவார்கள். விண்டோஸ் 7-க்கு அந்த வேலையை 2020 ஜனவரி 14-ம் தேதியோடு மைக்ரோசாஃப்ட் நிறுத்திவிட்டது. அதற்கப்புறம் தெரியவந்த ஓட்டையெல்லாம் திறந்தது திறந்தபடி. 2023 தொடக்கத்தில் க்ரோம் ப்ரௌசரும் 'இனிமேல் விண்டோஸ் 7-ல் புதுசு கிடையாது' என்று கையை விரித்துவிட்டது. குரோம்பேட்டையில் இருந்துகொண்டு க்ரோம் இல்லாத குடும்பம் எங்களுடையது! அது நச்சரிக்கிறது என்று அப்பா ஏதோ ஓர் ஓட்டைப் பழைய ப்ரௌசருக்கு மாறியிருந்தார்.

அடைக்காத ஓட்டை என்ன செய்யும் என்பதற்கு 2017 மே 12-ம் தேதி ஒரு சாட்சி. வான்னாக்ரை என்ற வைரஸ் 150 நாடுகளில் 2 லட்சத்துக்கும் மேற்பட்ட கம்ப்யூட்டர்களுக்குள் புகுந்து, ஃபைல்களைப் பூட்டிவிட்டு, '300 டாலரை பிட்காயினாக எடு, திறக்கிறேன்' என்றது. இங்கிலாந்தில் அரசு ஆஸ்பத்திரிகள் நோயாளிகளைத் திருப்பி அனுப்பின. இத்தனைக்கும் அந்த ஓட்டையை அடைக்கும் அப்டேட்டை மைக்ரோசாஃப்ட் இரண்டு மாதம் முன்பே, மார்ச்சிலேயே, கொடுத்துவிட்டது. போடாமல் இருந்தவர்கள்தான் மாட்டினார்கள். அடிபட்டவற்றில் பெரும்பாலானவை எங்கள் வீட்டு மாப்பிள்ளையான விண்டோஸ் 7.

"அப்ப விண்டோஸ் 11 போட்டுடலாமா?" என்றேன்.

"அது உன் மெஷினை வாசல்லயே நிறுத்திடும்" என்றான். டிபிஎம் 2.0 என்கிற பாதுகாப்புச் சில்லு வேண்டும், புதிய பிராஸஸர் வேண்டும் என்று அதற்கு ஏகப்பட்ட கண்டிஷன். எங்களுடையது கோர் 2 டூயோ. இரண்டுக்கும் ஜாதகம் பொருந்தாது. விண்டோஸ் 10-க்கும் வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14-ம் தேதி முடிந்துபோயிருந்தது.

புதுசு வாங்கலாம். ஆனால் 'நல்லா ஓடிக்கிட்டிருக்கிற மெஷினை' அப்பா தரமாட்டார். மிச்சம் இருந்தது ஒரே வழி. லேசான ஒரு லினக்ஸ்.

லேசு வேறு, பத்திரம் வேறு

லினக்ஸ் என்பது 1991-ல் லினஸ் டோர்வால்ட்ஸ் என்ற பின்லாந்து மாணவர் ஆரம்பித்து வைத்தது. அதை அஸ்திவாரமாக வைத்து யார் வேண்டுமானாலும் வீடு கட்டிக்கொள்ளலாம். அப்படிக் கட்டிய வீடுகள் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன. சிலது பளிங்கு பங்களா. சிலது ஒண்டுக்குடித்தனம். மெமரியைத் தின்பது பெரும்பாலும் அஸ்திவாரம் அல்ல, மேலே இருக்கிற அலங்காரம்தான். அலங்காரத்தைக் குறைத்தால் பழைய மெஷினும் தாங்கும். இதுதான் 'லேசான ஓ.எஸ்.' என்பதன் ரகசியம்.

எனக்கு உற்சாகம் பிடித்துக்கொண்டது. ராத்திரி பூரா தேடினேன். இருப்பதிலேயே எது லேசு? பப்பி லினக்ஸ் என்று ஒன்று கிடைத்தது. 2003-ல் பாரி காலர் என்ற ஆஸ்திரேலியர் ஆரம்பித்தது. குட்டியூண்டு. ஹார்டு டிஸ்க்கே வேண்டாம், முழுசாக மெமரியில் ஏறி உட்கார்ந்துகொண்டு பறக்கும். "இதைப் போடறேன்!" என்று நண்பனுக்குத் தகவல் அனுப்பினேன்.

"எதுக்கு?"

"அப்பா பேங்க் வேலைக்கு."

உடனே போன் வந்தது. பப்பி நல்ல சரக்குதான். செத்த கம்ப்யூட்டரிலிருந்து ஃபைல்களை மீட்க அதைப் போல ஒன்று கிடையாது. ஆனால் வழக்கமாக அது 'ரூட்' அதிகாரத்தோடு ஓடுகிறது. ரூட் என்றால் சர்வாதிகாரம். எதையும் அழிக்கலாம், எதையும் மாற்றலாம், கேட்க நாதியில்லை. அந்த அதிகாரத்தோடு ப்ரௌசரைத் திறந்து ஊர் சுற்றுவது, வீட்டுச் சாவி, பீரோ சாவி, லாக்கர் சாவி எல்லாவற்றையும் கழுத்தில் மாலையாகப் போட்டுக்கொண்டு திருவிழாக் கூட்டத்தில் நுழைவது மாதிரி. ப்ரௌசரை மட்டும் அதிகாரம் குறைந்த யூஸராக ஓட்ட அதில் வழி இருக்கிறது. தெரிந்தவன் செய்வான். எங்கப்பா செய்வாரா?

இரண்டாவதாக நான் கண்டுபிடித்தது இன்னும் மோசம். யாரோ ஒரு புண்ணியவான் விண்டோஸையே வெட்டிக் கொத்தி 'சூப்பர் லைட்' என்று இணையத்தில் போட்டிருந்தான். இந்த மாதிரிச் சரக்குகளில் எடையைக் குறைக்க முதலில் வெட்டுவதே வைரஸ் தடுப்பையும் அப்டேட்டையும்தான். கதவைக் கழற்றிவிட்டு 'வீடு லேசாயிடுச்சு பாருங்க' என்பது போல. வெட்டினவன் உள்ளே என்ன வைத்துத் தைத்தான் என்பது அவனுக்கும் ஆண்டவனுக்கும்தான் வெளிச்சம்.

மூன்றாவது, 'பழைய கம்ப்யூட்டருக்கு ஏற்றது' என்று யாரோ எப்போதோ புகழ்ந்த லினக்ஸ். போய்ப் பார்த்தால் பல வருஷமாக அப்டேட்டே வரவில்லை. அதைப் போடுவதும் விண்டோஸ் 7-லேயே இருப்பதும் ஒன்றுதான். 32 பிட் மெஷின் வைத்திருப்பவர்கள் இந்த விஷயத்தில் கூடுதலாக ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். பெரிய லினக்ஸ்கள் ஒவ்வொன்றாக 32 பிட்டைக் கைகழுவி வருகின்றன. 2025 ஆகஸ்டில் வந்த டெபியன் 13 கூட 32 பிட் மெஷினில் புதிதாக நிறுவும் வசதியை நிறுத்திவிட்டது. கோர் 2 டூயோ 64 பிட். நாங்கள் பிழைத்தோம்.

ஆக, கேட்க வேண்டிய முதல் கேள்வி 'எவ்வளவு லேசு?' என்பதல்ல. 'இதற்கு எந்த வருஷம் வரை அப்டேட் வரும்?' என்பதுதான். பெண் பார்க்கப் போனால் கலரை மட்டுமா பார்க்கிறோம்? (இந்த வரியைச் சகதர்மிணி படிக்கவில்லை.)

கடைசியில் லினக்ஸ் மின்ட் 22.2-ஐத் தேர்ந்தெடுத்தோம். அதில் எக்ஸ்எஃப்சிஇ என்ற எளிமையான அலங்காரத்தோடு ஒரு ரகம் இருக்கிறது. குறைந்தபட்சம் 2 ஜி.பி. மெமரி வேண்டும், 4 ஜி.பி. இருந்தால் சௌகரியம். எங்கள் மெஷினில் 4 இருந்தது. அப்டேட் 2029 வரை.

ஸாரா யாரு?

மின்ட் லினக்ஸில் ஒவ்வொரு பதிப்புக்கும் ஒரு பெண் பெயர் வைப்பார்கள். 22.2-க்கு 'ஸாரா'. இது எனக்குத் தெரியும். வீட்டில் தெரியாது. ராத்திரி பன்னிரண்டு மணிக்கு நான் போனில், "ஸாரா வந்துகிட்டே இருக்கா மச்சி, இன்னும் அஞ்சு நிமிஷம்" என்று கிசுகிசுக்க, பின்னாலிருந்து கேள்வி வந்தது. "ஏங்க, ஸாரா யாரு?"

விளக்கி முடிக்க மணி ஒன்றாகிவிட்டது.

டவுன்லோட் ஆனதும் நண்பன், "செக்சம் பாத்தியா?" என்றான். அதாவது, அந்தப் பெரிய ஃபைலை ஒரு கணக்குப் போட்டால் 64 எழுத்துள்ள ஒரு முத்திரை வரும். எஸ்எச்ஏ-256 என்பார்கள். ஃபைலில் ஒரே ஒரு புள்ளி மாறினாலும் முத்திரை முழுக்க மாறிவிடும். அதிகாரபூர்வமான தளத்தில் போட்டிருக்கிற முத்திரையும் நம் ஃபைலின் முத்திரையும் ஒத்துப்போனால்தான் சரக்கு அசல்.

"இதெல்லாம் ஓவர்டா" என்றேன்.

அவன் சொன்ன கதை: 2016 பிப்ரவரி 20-ம் தேதி இதே மின்ட்டின் வெப்சைட்டுக்குள் திருடர்கள் புகுந்துவிட்டார்கள். மின்ட் 17.3 சின்னமன் ரகத்தின் டவுன்லோட் லிங்க்கை மாற்றி, பின்கதவு வைத்துத் தைத்த தங்கள் ஃபைலுக்குத் திருப்பிவிட்டார்கள். அசல் கடை, அசல் போர்டு, உள்ளே விற்றது போலி! மின்ட்டின் தலைவர் கிளெமென்ட் லெஃபெவ்ர் மறுநாளே விஷயத்தை மறைக்காமல் அறிவித்தார். இந்த மாதிரிப் போலிச் சரக்கைக் கண்டுபிடிக்கத்தான் முத்திரையை ஒத்துப்பார்ப்பது. ஆனால் தளத்துக்குள்ளேயே திருடன் இருந்தால் அங்கே போட்டிருக்கிற முத்திரையையும் மாற்றலாமே? அதற்காகத்தான் முத்திரைப் பட்டியலோடு கூடவே மின்ட்காரர்களின் டிஜிட்டல் கையெழுத்தும் கொடுக்கிறார்கள். இரண்டையும் பார்க்கும் முறை மின்ட் தளத்திலேயே படிப்படியாக இருக்கிறது. பத்து நிமிஷ வேலை. செக்கில் கையெழுத்துப் பார்க்காமல் பணம் கொடுக்கிற கேஷியர் உண்டா?

பென் டிரைவில் ஏற்றி, அதிலிருந்தே கம்ப்யூட்டரைக் கிளப்பினோம். 'லைவ்' என்று இதற்குப் பெயர். ஹார்டு டிஸ்க்கைத் தொடாமல் லினக்ஸை ஓட்டிப் பார்க்கலாம். வாடகைக்குப் போகும் முன் குழாயைத் திறந்து பார்ப்பது மாதிரி. சத்தம் வருகிறதா, பிரிண்டர் பேசுகிறதா, நெட் வருகிறதா? எல்லாம் வந்தது. என் பிழைப்புக்குத் தேவையான தமிழ் 99 கீபோர்டும் கிடைத்தது. (1999-ல் சென்னையில் நடந்த தமிழ் இணைய மாநாட்டை ஒட்டிப் பிறந்தது அது.)

சி அறையும் டி அறையும்

'இன்ஸ்டால்' தட்டினேன். 'டிஸ்க்கை முழுக்க அழித்துவிட்டு மின்ட்டை நிறுவவா?' என்று கேட்டது. அப்பாவின் டாகுமெண்ட்ஸ் ஃபோல்டரை ஏற்கெனவே இன்னொரு பென் டிரைவில் காப்பி எடுத்து வைத்திருந்தேன். தெம்பாக 'ஆமாம்' என்று குறித்தேன். 'மாற்றங்களை டிஸ்க்கில் எழுதிவிடவா?' என்று கடைசித் தடவையாக ஒரு கேள்வி. விரல் மவுஸில்.

"டி டிரைவுல இருக்கிறதெல்லாம் அப்படியே இருக்கும்ல?" என்றார் அப்பா.

"டி டிரைவுல என்ன இருக்கு?"

"எல்லாம் அதுலதாண்டா இருக்கு. சி டிரைவ்ல வச்சா ஃபார்மட் பண்ணும்போது போயிடும், டி-யில வைங்கன்னு அந்த அசெம்பிள் பண்ண பையன் சொன்னான்ல?"

ஸார், உங்கள் வீட்டிலும் இப்படித்தான் வைத்திருப்பீர்கள். நம் ஊரில் தலைமுறை தலைமுறையாக வருகிற உபதேசம் இது. விண்டோஸை மட்டும் திரும்பப் போடும்போது அது சரி. ஆனால் சி, டி என்பவை பெரும்பாலும் இரண்டு டிஸ்க் அல்ல. ஒரே டிஸ்க்குக்குள் நடுவே தடுப்புப் போட்ட இரண்டு அறைகள். 'முழு டிஸ்க்கையும் அழி' என்றால் புல்டோசர் வருகிறது என்று அர்த்தம். அது எந்த அறையில் யார் தூங்குகிறார்கள் என்று பார்க்காது.

மவுஸிலிருந்து கையை எடுத்தேன். கை நடுங்கியது.

பழைய விண்டோஸுக்குத் திரும்பப் போய் டி டிரைவைத் திறந்தோம். ஆபீஸ் ஃபைல் மாதிரியே வருஷ வாரியாக அடுக்கி வைத்திருந்தார். கல்யாண போட்டோக்கள். பேத்தி முதல் முதலாக நடந்தது. கூடவே ஓர் எக்ஸெல் ஃபைல். 'வீட்டுக் கணக்கு'.

அம்மா 2018-ல் எங்களை விட்டுப் போய்விட்டாள். அதுவரை ஒன்பது வருஷம், தினமும் ராத்திரி அவள் சொல்லச் சொல்ல அப்பா அடித்த கணக்கு அது. எனக்குத் தெரியவே தெரியாது.

எல்லாவற்றையும் காப்பி எடுத்தோம். "காப்பி எடுத்தா போதாது, வேற மெஷின்ல திறந்து பார்" என்று நண்பன் சொல்லியிருந்தான். சகதர்மிணியின் லாப்டாப்பில் திறந்தோம். கணக்கு வந்தது. ஆனால் தமிழ் இல்லை! வரிக்கு வரி ஆங்கில எழுத்தும் கொக்கியும் கோடுமாக ஏதோ மந்திரத் தகடு மாதிரி இருந்தது.

அப்பா முகம் வெளுத்துவிட்டது. "போச்சா?"

போகவில்லை. அந்தக் காலத்துத் தமிழ் ஃபாண்ட் ஒன்றில் அடித்தது அது. யூனிகோடு வீட்டுக்கு வீடு வருவதற்கு முன் ஆளுக்கொரு ஃபாண்ட், ஃபாண்டுக்கொரு முறை என்று இருந்தோம் அல்லவா? ஃபாண்ட் இல்லாவிட்டால் எழுத்துக்கள் இப்படித்தான் பேயடித்த மாதிரி தெரியும். அந்த ஃபாண்ட் இருந்தது பழைய விண்டோஸுக்குள். நான் 'ஆமாம்' தட்டியிருந்தால் அதுவும் போயிருக்கும். விண்டோஸின் ஃபாண்ட்ஸ் ஃபோல்டரில் தேடி எடுத்து லாப்டாப்பில் போட்டதும் திரையில் தமிழ் விரிந்தது. சகதர்மிணி கண்ணில் பட்ட முதல் வரியை உரக்கப் படித்தாள்.

"பால் 2 பாக்கெட். ஒன்று திரிந்தது. நாளைக்குக் கடைக்காரனைக் கேட்க வேண்டும்."

யாரும் சிரிக்கவில்லை. அப்பா எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தார்.

அழிக்காத வழி

மறுநாள் ரிச்சி ஸ்ட்ரீட் போய் 240 ஜி.பி. எஸ்எஸ்டி ஒன்று வாங்கினேன். இதை முதலிலேயே செய்திருக்க வேண்டும். பழைய டிஸ்க்கைக் கழற்றிவிட்டு அதே ஒயரில் எஸ்எஸ்டியை மாட்டி, அதில் மின்ட்டைப் போட்டோம். எதையும் அழிக்கவே இல்லை. பழைய டிஸ்க் இப்போது பீரோவில், பாஸ் புத்தகங்களோடு இருக்கிறது. பேட்டரியும் மாறியது. வேகம்? காபி ஆறுவதற்குள் ப்ரௌசரே வந்துவிடுகிறது. பழைய கம்ப்யூட்டருக்கு ஒரே ஒரு செலவுதான் செய்வேன் என்றால், எஸ்எஸ்டிக்குச் செய்யுங்கள்.

குடி வைத்த பிறகு செய்தவை:

அப்பாவுக்கு அதிகாரம் இல்லாத சாதாரண யூஸர். ஸாஃப்ட்வேர் போடுகிற அதிகாரம் என் பெயரில், என் பாஸ்வேர்டில். ("ரிட்டயர் ஆனதும் கையெழுத்துப் போடற பவரைப் புடுங்கிட்டியாடா?" என்றார்.)

அப்டேட் மேனேஜரில், தானாகவே அப்டேட் போட்டுக்கொள்ளும் வசதியை ஆன் செய்தேன். மொத்தப் பாதுகாப்பில் பாதி இதில்தான் இருக்கிறது.

ஃபயர்வால் மின்ட்டிலேயே இருக்கிறது. ஆனால் தூங்கிக்கொண்டிருக்கும். எழுப்பிவிட வேண்டும்.

டைம்ஷிஃப்ட் என்று ஒன்று. சிஸ்டம் கெட்டால் பழைய நிலைக்குத் திருப்பும். ஜாக்கிரதை, அது வழக்கமாகக் காப்பாற்றுவது சிஸ்டத்தை. உங்கள் போட்டோக்களையும் கணக்குகளையும் அல்ல. அவற்றுக்குத் தனிக் காப்பி, வெளியே, இன்னொரு டிஸ்க்கில். மாதம் ஒரு தடவை.

எந்த ஸாஃப்ட்வேரும் மின்ட்டின் சொந்த ஸாஃப்ட்வேர் மேனேஜரிலிருந்து மட்டும். 'இந்த வரியை டெர்மினலில் ஒட்டுங்கள்' என்று முகம் தெரியாதவன் சொன்னால், அவன் கொடுத்த பேப்பரில் படிக்காமல் கையெழுத்துப் போடுவதும் அதுவும் ஒன்று.

பொய் சொல்லக் கூடாது. இவ்வளவும் செய்தாலும் சில விஷயம் மிச்சம் உண்டு. ஓ.எஸ். லேசாக இருந்தாலும் ப்ரௌசர் லேசு கிடையாது. பத்து தளத்தை ஒரே நேரத்தில் திறந்தால் மெஷின் திணறத்தான் செய்யும். அப்பாவுக்கு நான்கு போதும். சில்லிலேயே சில ஓட்டைகள் இருக்கின்றன. ஸ்பெக்டர் என்ற சில்லு ஓட்டை 2018-ல் வெளிவந்தபோது, கோர் 2 காலத்துச் சில்லுகளுக்கு இனி திருத்தம் தருவதில்லை என்று இன்டெல் சொல்லிவிட்டது. அதன் பாதிப்பை லினக்ஸ் கொஞ்சம் குறைக்கும், முழுக்க அடைக்காது. லினக்ஸுக்கு வைரஸே வராது என்பதும் கட்டுக்கதை. அதனால்தான் பெரிய தொகையெல்லாம் தனிக் கணக்கில், நெட் பாங்கிங் இல்லாமல் வைத்திருக்கிறோம். செலவுக்கான கணக்கு மட்டும் கம்ப்யூட்டரில்.

எல்லாவற்றுக்கும் மேலாக, போனில் 'ஸார், உங்க கேஒய்சி...' என்று தேனொழுகப் பேசி ஓடிபி கேட்பவனை எந்த ஓ.எஸ்ஸும் தடுக்காது. மாட்டிவிட்டால் வெட்கப்படாமல் உடனே 1930-க்குப் போன் செய்யுங்கள். சீக்கிரம் சொன்னால் போகிற வழியிலேயே பணத்தைத் தடுத்து நிறுத்த வாய்ப்பு உண்டு. இந்த நம்பரை அப்பா மானிட்டர் மேலேயே ஒட்டி வைத்திருக்கிறார்.

முதல் நாள் மின்ட்டைத் திறந்து கொடுத்தபோது, அவர் வலது கீழ் மூலையைப் பார்த்தார். சரியான தேதி, சரியான வருஷம். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை.

"என்னப்பா?"

"ஒண்ணுமில்லடா. ஒரே நாள்ல பதினாறு வயசு கூடிடுச்சு."

அந்தக் கணக்கை லிப்ரெஆபீஸில் திறந்து வைத்துவிட்டு நான் என் வேலையைப் பார்க்கப் போனேன். ராத்திரி எட்டிப் பார்த்தேன். 2018-ல் நின்று போயிருந்த ஃபைலில், கடைசி வரிக்குக் கீழே ஒரு வரி விட்டு, அன்றைய தேதி போட்டுப் புதிதாக அடித்திருந்தார்.

'எஸ்எஸ்டி 1. பேட்டரி 1 – ரூ.40. பால் 1 பாக்கெட். திரியவில்லை.'

தேய்மானக் கணக்கை நான் கிழித்துப் போட்டுவிட்டேன்.